நாற்று முடியைத் தாண்டாமல்

1

எனக்குப் பின்னால் மணி அலறிக்கொண்டே இருந்தது. நான் திரும்பிப் பார்க்கவில்லை. ராட்டர்டாம் துறைமுகத்துப் பழைய கிடங்குகளுக்கு நடுவே, தோளில் பையோடு, ஓட்டம் என்று பிறர் சொல்ல முடியாத வேகத்தில் நடந்துகொண்டிருந்தேன். இடது காலணியில் சேறு ஒட்டியிருந்தது. ஆற்றின் பக்கமிருந்து குளிர்காற்று முகத்தில் அடித்தது. இந்த ஊரில் காற்று இல்லாத நாளை நான் பார்த்ததில்லை.

மணியை அலற வைத்தவனே நான்தான். ஆபத்து நேரத்தில் மட்டும் திறக்க வேண்டிய கதவைத் தள்ளிக்கொண்டு வெளியே வந்துவிட்டேன். உள்ளே, முழங்காலுக்குச் சற்றுக் கீழே வரை சேற்றில், என் மகள் அமலா நின்றுகொண்டிருந்தாள். அவளைச் சுற்றி நின்ற வெள்ளைக்காரர்கள் என் ஓட்டத்தையும் கலையில் சேர்த்துக்கொண்டு அமைதியாகப் பார்த்தார்கள் என்று பிறகு தெரிந்தது.

பெரிய ரயில் நிலையத்துக்குப் பின்னாலிருந்து மாலையில் பேருந்து. அதில் ஏறினால் நார்வேயின் வடக்கு முனை. அங்கே மீன் தொழிற்சாலையில் குளிர்காலம் முழுவதும் வேலை. பிடித்திருந்தால் அங்கேயே இருந்துவிடலாம் என்றும் சொல்லியிருந்தார்கள். மகளிடம் சொல்லிவிட்டுப் போகத்தான் கிடங்குக்குப் போனேன். சொல்லவில்லை.

ஊரில் இதைப் படிப்பவர்களுக்குத் தலையும் வாலும் புரியாது. முதலிலிருந்து வருகிறேன்.

2

நீடாமங்கலம் பக்கம் எனக்கு. அந்த ரயில்வே கேட்டில் மாட்டிக்கொண்டு நின்றவர்களுக்கு எங்கள் பக்கம் தெரிந்திருக்கும். எனக்குக் கடவுள் கொடுத்த பொறுமை முழுவதும் அந்தக் கேட்டிலேயே செலவாகிவிட்டது என்று என் மனைவி ஸ்டெல்லா சொல்வாள்.

எட்டாவதோடு பள்ளிக்கூடத்தை விட்டேன். யாரும் விரட்டவில்லை, ஓரிடத்தில் உட்கார எனக்கு ஆகவில்லை. அப்பாவும் அம்மாவும் கூலிக்கு வயலில் இறங்கியவர்கள். அப்பா நாற்றுப் பறிப்பார், அம்மா நடுவாள். நடவுக் காலம் முழுவதும் அம்மாவின் கால் விரலிடுக்குகள் வெந்து வெளுத்திருக்கும். மருதாணி அரைத்து அப்பிக்கொண்டு மறுநாளும் இறங்குவாள். சேற்றில் கால் வைக்காத வேலை எதுவானாலும் சரி என்று நான் கிளம்பினேன்.

சுவாமிமலையில் சிலை வார்க்கும் பட்டறையில் வண்டல் மண் குழைக்கச் சேர்ந்தேன். அங்கேயும் மண்தான். மெழுகு உருவத்தின் மேல் அந்த மண்ணை அப்பிச் சுட்டு, மெழுகை உருக்கி ஓட்டிவிட்டு, அந்த இடத்தில் உலோகத்தை ஊற்றுவார்கள். ஆறியதும் மண்ணை உடைத்துக் கொட்டிவிடுவார்கள். நான் குழைத்ததெல்லாம் கடைசியில் குப்பைக்குத்தான் போனது. ஒரு வருஷம்கூட அங்கே தங்கவில்லை. பிறகு முத்துப்பேட்டையில் படகு, சென்னையில் ஓட்டல், சிங்கப்பூரில் சாரம் கட்டுவது, வளைகுடாவில் குழாய் பதிப்பது. அங்கே ஒரு கட்டிலுக்கு இரண்டு ஆட்கள். பகல் ஷிப்ட்காரன் எழுந்த சூட்டில் நான் படுப்பேன். அப்போது அதைப் பெரிதாக நினைக்கவில்லை. தூக்கம் நன்றாக வந்தது.

ஸ்டெல்லா ஒரத்தநாட்டுக்காரி. கன்னியர் மடத்தின் உதவியில் இங்கே ராட்டர்டாமில் முதியோர் இல்லத்தில் வேலைக்கு வந்தவள். கல்யாணத்துக்குப் பிறகு அவள் வழியாக நான் வந்தேன். அமலா இங்கே பிறந்தாள்.

எனக்குக் குடும்பப் பெயர் கிடையாது என்பதை இந்த நாட்டு அலுவலகங்கள் ஏற்கவில்லை. அப்பா பெயர் சூசை. அதைக் குடும்பப் பெயராகப் போட்டுக்கொண்டார்கள். அன்றிலிருந்து ஆஸ்பத்திரியிலும் வங்கியிலும் நகராட்சியிலும் என்னை யாரும் சவரிமுத்து என்று கூப்பிடுவதில்லை; சூசை என்கிறார்கள். தஞ்சாவூரைத் தாண்டாத என் அப்பா ஐரோப்பாவின் எல்லா வரிசைகளிலும் நின்றாகிவிட்டது.

மொழித் தேர்வில் திரும்பத் திரும்பத் தோற்றேன். பக்கத்து வீட்டுக்காரரைப் பிறந்தநாளுக்கு அழைப்பது போலப் பேசச் சொன்னார்கள். வாங்க, சாப்பிட்டுவிட்டுப் போங்க என்று டச்சில் சொன்னேன். எப்போது வரவேண்டும், எப்போது கிளம்பவேண்டும் என்று சொல்லவில்லை என மதிப்பெண்ணைக் குறைத்தார்கள். வருகிறவரிடம் கிளம்புகிற நேரத்தைச் சொல்வதா என்று வீட்டில் வந்து கேட்டேன். அமலா அப்போது சிறுமி. “நீங்க கிளம்பற நேரத்தைக்கூடச் சொல்ல மாட்டீங்கப்பா” என்றாள்.

அது உண்மைதான். இங்கே குடமிளகாய்க் கண்ணாடிக் கூடங்களில் வேலை இருந்தும், ஸ்பெயினில் பழம் பறிப்பு, ஜெர்மனியில் அறுவடை என்று அவ்வப்போது போய்விடுவேன். பணத்துக்காக மட்டும் இல்லை. ஒரு சாலை நேராகப் போனால் எனக்கும் கூடவே போகத் தோன்றும். வீட்டுக் கூடத்தில் என் பை வந்து உட்கார்ந்தால் அமலா பேசமாட்டாள். திரும்பி வந்து பை காலியான பிறகுதான் பேச்சு வரும்.

3

அமலா சிற்பம் படிக்கிறாள் என்று ஊரில் சொன்னோம். நீடாமங்கலம் பக்கம் இன்றும் இருக்கிற என் அக்கா அந்தோணியம்மாள் அதைச் சாமி சிலை என்று எடுத்துக்கொண்டாள். கோயிலில் அந்தோணியார் சுரூபத்துக்கு மூக்கு உடைந்துவிட்டது, புதிதாக ஒன்று செய்து அனுப்பச் சொல் என்றாள். அமலாவிடம் சொன்னபோது மூக்கு இல்லாமலே அவர் நன்றாக இருப்பாரே என்றாள். அதை நான் அக்காவிடம் சொல்லவில்லை.

அமலா செய்தவற்றைச் சிலை என்று சொல்ல எனக்கு நாள் பிடித்தது. முடி திருத்தும் கடைகளில் விழுந்த முடியைச் சேர்த்துத் தேர்வடம் மாதிரி கயிறு திரித்தாள். ரொட்டி மாவில் தன்னைப் போலவே ஓர் உருவம் செய்து சூடான அறையில் படுக்க வைத்தாள். அது பொங்கி, வீங்கி, மறுநாள் அமுங்கிப்போனது. ஜனங்கள் வந்து பார்த்தார்கள். பின்னர் அக்காவிடம் காலி யூரியா மூட்டைகள் கேட்டாள். அக்கா அனுப்பினாள். சுங்கத்தில் பிரித்துப் பார்த்து, இது குப்பையா சரக்கா என்று விளக்கம் கேட்டார்கள். கலைப்பொருள் என்று அமலா எழுதிக் கொடுத்தாள். மூட்டைகளைத் தைத்துப் படகாக்கி, கால்வாயில் இறக்கி, அது மூழ்குகிற வரை அதில் உட்கார்ந்திருந்தாள். மூழ்கியதும் எல்லோரும் கை தட்டினார்கள். ஸ்டெல்லா துண்டை எடுத்துக்கொண்டு கரைக்கு ஓடினாள்.

போன வருஷம் ஒரு சம்பா முழுவதும் அக்கா வீட்டில் போய் இருந்தாள். அக்கா இப்போது சொந்தமாக நிலம் வைத்திருக்கிறாள். அவள் மகன் வங்கியில் வேலை பார்க்கிறான். ஊரிலேயே மெஷின் நடுகிற காலத்தில் இந்தப் பெண் ஏன் குனிகிறது என்று எல்லோரும் சிரித்தார்களாம். திரும்பி வந்த அமலாவின் தமிழ் வேறு மாதிரி இருந்தது. வரப்பு, மடை, தாளடி எல்லாம் சரளமாக வந்தன. வருத்தம், கோபம் போன்றவற்றுக்கு மட்டும் சொல் கிடைக்காமல் டச்சுக்குப் போய்விடுவாள்.

வந்தவள் துறைமுகத்தில் ஒரு கிடங்கைப் பிடித்தாள். ஆற்றை ஆழப்படுத்தும்போது அள்ளுகிற வண்டலை அதன் தரை முழுவதும் கொட்டினாள். ஓரத்தில் மேடை மாதிரி நாற்றங்கால்; மேலே விளக்குகள். தினமும் காலையிலிருந்து மூடுகிற வரை தனியாளாக நடுவாள். பேச மாட்டாள். பார்க்க வருகிறவர்கள் வரப்பில் நின்று பார்த்துவிட்டுப் போகலாம். தரை நிறைந்ததும் முடிந்துவிடும். அவ்வளவுதான் கலை. மூலையில் இருந்த கேமரா வழியாக உலகத்தில் எங்கிருந்தும் பார்க்கலாமாம்.

இதைக் கேட்டபோது எனக்குச் சுருக்கென்றது. உன் பாட்டி வயிற்றுக்காகச் செய்ததை நீ வேடிக்கைக்குச் செய்கிறாயா என்று கேட்டேன். அவள் கொஞ்ச நேரம் யோசித்துத் தமிழிலேயே பதில் சொன்னாள்.

“வேடிக்கை இல்லப்பா. அவங்க குனிஞ்சே இருந்தாங்க, யாரும் நின்னு பாக்கல. நான் குனியறேன். இவங்க நின்னு பாக்கட்டும்.”

எனக்கு அது பாதிதான் சம்மதமாயிற்று. போய்ப் பார்க்கவில்லை. அந்தச் சமயத்தில்தான் நார்வே வேலை வந்தது. ஸ்டெல்லா தடுக்கவில்லை. அவள் என்னைத் தடுப்பதை எப்போதோ விட்டுவிட்டாள். “போங்க. ஆனா அவகிட்ட நேர்ல சொல்லிட்டுப் போங்க. போன்ல சொல்லாதீங்க” என்றாள்.

4

உள்ளே நுழைந்ததும் முதலில் வந்தது வாசனை. இந்த ஆற்றின் வண்டலுக்கு வேறு வாசனை, கொஞ்சம் இரும்பு, கொஞ்சம் எண்ணெய். ஆனாலும் நாற்றின் பச்சை வாசனை அதேதான். அமலா முதுகு வளைந்து பின்னால் நகர்ந்துகொண்டே நட்டாள். முந்தைய நாட்களில் நட்டது ஒரு பக்கம் பிடித்துத் தலை நிமிர்ந்திருந்தது. புடவை கட்டி, வேஷம் போட்டு நிற்பாளோ என்று பயந்திருந்தேன். இல்லை, வீட்டில் போடுகிற பழைய சட்டைதான், கால்சட்டை சுருட்டி விட்டிருந்தது.

அவள் நிமிர்ந்தபோது என்னைப் பார்த்தாள். பையையும் பார்த்தாள்.

சேற்றிலிருந்து ஏறி வரப்பில் நடந்து வந்தாள். ஒரு நாற்று முடியை, அதாவது கைக்கு அடங்குமளவு கட்டிய நாற்றுக்கட்டை, என் காலடியில் வைத்தாள். திரும்பிப் போய்ச் சேற்றில் இறங்கி நின்றுகொண்டாள். குனியவில்லை.

இது எங்கள் பக்கத்து வழக்கம். நடவு நடக்கிற வயலோரமாக யாராவது போனால், நடுகிற பெண்கள் வந்து முடியைக் காலடியில் வைத்து மறிப்பார்கள். கையிலிருக்கிற காசைக் கொடுத்தால் விடுவார்கள். மிராசுதாராக இருந்தாலும் தபால்காரராக இருந்தாலும் ஒன்றுதான். காசு இல்லாதவனைக் கேலி பேசி, இறங்கி இரண்டு நாற்று நட வைத்து அனுப்புவார்கள். முடியைத் தாண்டி மட்டும் யாரும் போவதில்லை. அப்படித் தாண்டிய ஒருவனை நான் பார்த்ததில்லை.

சட்டைப்பையில் கை விட்டேன். கார்டு இருந்தது. பேருந்துச் சீட்டு போனில் இருந்தது. இந்த நாட்டில் நான் கடைசியாகக் காசு தொட்டது எப்போது என்றே ஞாபகம் இல்லை. எல்லோரும் என்னையே பார்த்தார்கள். நான் வந்த வழி முடிக்கு அந்தப் பக்கம். வரப்பு ஒருவர் நிற்கிற அகலம். எனக்குப் பின்னால் அந்த ஆபத்து நேரக் கதவுதான் இருந்தது.

அதைத் தள்ளினேன். மணி அலறியது.

5

மணிச் சத்தம் தேய்ந்து, ஆற்றுப் பாலத்தின் நடுவில் வந்தபோது போன் அடித்தது. அக்கா. அங்கே விளக்கு வைத்திருப்பார்கள்.

“டேய் சவரி, எங்கடா ஓடுற?”

எப்படித் தெரியும் என்று கேட்டேன்.

“டீவியில போட்டு வுட்டிருக்கான் ஒன் மருமவன். நாங்க அத்தினி பேரும் பாத்துக்கிட்டுதான் இருக்கோம். முடியப் போட்டா காசு குடுப்பாங்க, இல்லாட்டி இளிச்சுக்கிட்டு நிப்பாங்க. கதவ இடிச்சுக்கிட்டு ஓடுன ஆள இப்பதான் பாக்குறோம்.”

பின்னால் பெண்கள் சிரிப்பது கேட்டது.

“காசு இல்லக்கா. இங்க யாரும் காசு வச்சுக்கிறதில்ல. எல்லாம் கார்டுதான்.”

“அப்ப எறங்கி நட்டிருக்கணும். ஒனக்குத் தெரியாதா?”

“பஸ்ஸுக்கு நேரமாச்சு.”

அக்கா பக்கம் சிரிப்பு நின்றது. அவள் எழுந்து வாசலுக்கு வந்திருக்க வேண்டும். குரல் தனியாகக் கேட்டது.

“வர்றவங்க எல்லாருக்கும் அவ முடி போடுறான்னு நெனச்சியா?”

“ஆமா. அவ நடத்துறதுல அதுவும் ஒண்ணுன்னு நெனச்சேன்.”

“நான் தெனமும் பாக்குறேன்டா. இன்னிய வரைக்கும் ஒருத்தருக்கும் போட்டதில்ல. முந்தாநேத்து போன் பண்ணுனா. அத்தை, வரப்புல போறவங்க நிக்காம போனா நீங்க என்ன பண்ணுவீங்கன்னு கேட்டா. முடியப் போட்டா நிப்பாங்கம்மா, தாண்டமாட்டாங்கன்னு சொன்னேன். யாருக்குன்னு நான் கேக்கல. கேட்டாத்தான் தெரியணுமா எனக்கு?”

பாலத்தின் கீழே ஒரு சரக்குப் படகு போனது. அதன் பின்பக்கத்தில் யாரோ துணி உலர்த்தியிருந்தார்கள்.

“வாய் தொறந்து கேக்குறதுக்கு வார்த்த தெரியாது அந்தப் பொண்ணுக்கு. நீ பெத்ததுதான” என்றாள் அக்கா. “நீ வேணும்னா போ. ஆனா முடிக்கு ஒரு பதில் சொல்லிட்டுப் போ.”

போனை வைத்துவிட்டாள். அவளும் விடை சொல்லிக்கொண்டு வைக்கிற பழக்கம் இல்லாதவள்.

பாலம் முடிகிற இடத்தில் சாலை நேராக ரயில் நிலையத்துக்குப் போகிறது. எனக்குப் பிடித்த மாதிரியான சாலை. கொஞ்ச நேரம் அதைப் பார்த்துக்கொண்டு நின்றேன். பிறகு பையைத் தோள் மாற்றிக்கொண்டு வந்த வழியே திரும்பினேன். மனம் கரைந்தது என்றெல்லாம் எழுதமாட்டேன். முடி அங்கே கிடக்கிறது, நான் இங்கே நிற்கிறேன் என்பது சரியாக இல்லை.

6

கிடங்கில் அன்றைய கூட்டம் கலைந்திருந்தது. நாற்று முடி நான் விட்ட இடத்திலேயே கிடந்தது. அதைச் சுற்றி நான்கு சிறு கம்பங்கள் வைத்துக் கயிறு கட்டியிருந்தார்கள். கலையில் எந்தப் பகுதி எது என்று அவர்களுக்கும் தெரியவில்லை போலிருக்கிறது.

குனிந்து எடுக்கப் போனேன். கழுத்தில் அடையாள அட்டை மாட்டிய காவல் பெண்மணி ஓடிவந்து தொடாதீர்கள் என்றாள். மணியை அடித்தது நீங்கள்தானே என்றும் கேட்டாள். விளக்கிச் சொல்ல என் டச்சு போதாது. அது எனக்கு வைத்தது என்று மட்டும் சொன்னேன். பெயர் கேட்டாள். சூசை என்றேன். அவள் சுவரில் பெரிதாக ஒட்டியிருந்த அறிவிப்பைப் பார்த்தாள். அமலா சூசை என்று அதில் இருந்தது. ஒரு பக்கத்துக் கயிற்றைக் கழற்றிவிட்டாள்.

அமலா பின்பக்கம் குழாயடியில் உட்கார்ந்து கால் கழுவிக்கொண்டிருந்தாள். விரலிடுக்குகள் வெந்து வெளுத்திருந்தன. பாதம் முழுக்கச் செம்பழுப்பு.

“மருதாணியா?”

“அம்மா தெனம் என் ரூமுக்கு வந்து போட்டுவிடறாங்க. பாக்க வர்றவங்க இது காஸ்ட்யூம்னு நெனச்சுக்கறாங்க.” தண்ணீரை நிறுத்தினாள். “பஸ்ஸு?”

“அது போவும்.”

முடியை அவள் பக்கத்தில் வைத்தேன். “காசு இல்லம்மா. கார்டுதான் இருக்கு.”

“கார்டு செல்லாது” என்றாள். சிரிக்காமல்தான் சொன்னாள். கொஞ்சம் கழித்து உதட்டோரம் சிரிப்பு வந்தது.

நாற்றுப் பறிக்க ஒரு கல்லூரி மாணவனை வைத்திருந்தாளாம். முதுகு பிடித்துக்கொண்டது என்று நின்றுவிட்டான். அதிலிருந்து விடியும் முன்னால் வந்து அவளே பறித்துக் கட்டி, பகல் முழுவதும் அவளே நடுகிறாள். இதை முறையிடுகிற மாதிரிச் சொல்லவில்லை. எனக்குப் புரியட்டும் என்று சொன்னாள்.

“தரை நெறைய எவ்வளவு நாளாகும்?” என்றேன்.

“தெரியல. ஆள் இருந்தா சீக்கிரம்.” டச்சில் ஏதோ தொடங்கி, நிறுத்தி, தமிழுக்கு வந்தாள். “நிப்பீங்களா?”

என்னால் முடியாததைச் சொல்ல எனக்குப் பிடிக்காது. அது அவளுக்கும் தெரியும்.

“தரை நெறையிற வரைக்கும் நிக்கிறேன்.”

“போதும்” என்றாள். துண்டை எடுத்துக் காலைத் துடைத்துக்கொண்டாள்.

நார்வே ஏஜெண்டுக்குப் போன் செய்தேன். திட்டினான். திட்டுவது நியாயம்தான். வீட்டுக்குப் போனபோது ஸ்டெல்லா கூடத்தில் பையைப் பார்த்தாள். அரைத்து வைத்திருந்த மருதாணியில் இன்னும் ஒரு பிடி இலை போட்டு அரைத்தாள்.

மறுநாள் காலை கிடங்கு அலுவலகத்தில் என்னை உட்கார வைத்தார்கள். குடும்ப உறவு என்பதற்காகச் சம்பளமில்லாமல் வைக்க முடியாதாம். காப்பீடு, ஒப்பந்தம் எல்லாம் வேண்டும். வேலையின் பெயர் என்ன என்று கேட்டார்கள். அமலா விளக்க, அவர்கள் ஒரு நீளமான டச்சு வார்த்தையை எழுதிக்கொண்டார்கள். மேலே பெயர் இருக்கிற இடத்தில் சூசை என்று அச்சாகி வந்தது. நாற்றுப் பறிப்பதற்கு அந்தப் பெயரில் ஒப்பந்தம் போட்டது இதுதான் முதல் தடவையாக இருக்கும். கையெழுத்துப் போட்டேன்.

இடுப்பு வரை வருகிற ரப்பர் கால்சட்டை கொடுத்தார்கள். விளக்குகளுக்குக் கீழே நாற்றங்காலில் இறங்கினேன். ரப்பரையும் மீறிச் சேறு குளிர்ந்தது. அப்பாவோடு சிறு வயதில் பறித்திருக்கிறேன். விரல்களுக்கு ஒன்றும் ஞாபகமில்லை. வேர் அறுந்துகொண்டு வந்தது. வேரை நீரில் அலசி, வைக்கோலால் சுற்றிக் கட்டிய முதல் முடி தூக்கியதும் அவிழ்ந்து கொட்டியது. இரண்டாவது நின்றது. அதை வரப்பில் எறிந்தேன்.

அமலா எடுத்துக் கையில் சுற்றிப் பார்த்தாள். கதவு திறக்க இன்னும் நேரம் இருந்தது, அதனால் பேசினாள்.

“பெருசா இருக்குப்பா. என் கைக்கு அடங்கல. சின்னதாக் கட்டுங்க.”

சின்னதாகக் கட்டினேன்.